ஒரு கையெழுத்து, மூன்று திரைவாழ்க்கை: ஆர்மின் முல்லர்-ஷ்டால் பற்றிய நிகழ்வு ஆய்வு

1976 நவம்பர் தொடக்கத்தில் கிழக்கு ஜெர்மனியில் நடிகர் ஆர்மின் முல்லர்-ஷ்டாலின் முகம் தெரியாத வீடு அநேகமாக இல்லை. தொலைக்காட்சி இதழ் நடத்திய வாசகர் வாக்கெடுப்பில் பலமுறை முதலிடம், தலைநகரின் பெரிய நாடக அரங்கில் நிரந்தர வேலை, அரசுத் தொலைக்காட்சியின் உளவுத் தொடரில் நாயக வேடம் எல்லாம் கையில் இருந்தன. அந்த மாதம் ஒரு கடிதத்தில் கையெழுத்துப் போட்டார். மெல்ல மெல்ல வாய்ப்புகள் நின்றுபோயின. அப்போது வயது 45.

49 வயதில் மேற்கு ஜெர்மனிக்குப் போய் மறுபடி அடியிலிருந்து தொடங்கினார். 58 வயதில், ஆங்கிலம் சரளமாக வராத நிலையில், அமெரிக்கப் படமொன்றில் முதன்மை வேடம் ஏற்றார். 66 வயதில் ஆஸ்கர் அரங்கில் பரிந்துரை பெற்றவர்களின் வரிசையில் உட்கார்ந்திருந்தார். நடிகர்கள் நாடு மாறுவது புதிதல்ல. ஒரே நடிகர் மூன்று தனித்தனித் திரைத்துறைகளில், அதிலும் இரண்டு முறை நடுத்தர வயதைத் தாண்டிய பிறகு, முதல் வரிசைக்கு வருவது அரிது. அது எப்படி நடந்தது, எங்கெல்லாம் சறுக்கியது என்பதைத்தான் இங்கே பார்க்கிறோம்.

வயலின் வகுப்பிலிருந்து

1930 டிசம்பர் 17 அன்று, அன்றைய கிழக்குப் பிரஷ்யாவின் டில்சிட் நகரில் பிறந்தார். இன்று அந்த ஊர் ரஷ்யாவின் கலினின்கிராட் பகுதியில், சோவியெட்ஸ்க் என்ற பெயரில் இருக்கிறது. அப்பா வங்கி ஊழியர். 1945இல், போர் முடியும் தறுவாயில் அவர் இறந்துபோனார். ஐந்து பிள்ளைகள் உள்ள குடும்பம் பெர்லினுக்கு வடக்கே பிரென்ஸ்லாவ் என்ற சிற்றூரில் வாழ்ந்தது. பிறந்த மண்ணுக்குத் திரும்ப முடியாத நிலை அவருக்கு 15 வயதுக்கு முன்பே வந்துவிட்டது. பின்னாளில் அவர் ஏற்ற அகதி வேடங்களைப் பார்க்கும்போது இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

முதலில் படித்தது நடிப்பு அல்ல, வயலின். மேற்கு பெர்லினின் நகர இசைப்பள்ளியில் முறையாகப் பயின்றார். 1952இல் கிழக்கு பெர்லின் நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். ஓராண்டில், திறமை போதாது என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். அதோடு அவர் மேடையை விட்டுவிடவில்லை. ஷிஃப்பௌவர்டாம் அரங்கக் குழுவில் நடித்துக்கொண்டிருந்தார். 1954இல் அந்தக் கட்டடம் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகக் குழுவான பெர்லினர் ஆன்சாம்பிளுக்குப் போனது. குழு ஃபோல்க்ஸ்புய்னே அரங்கத்துக்கு இடம்பெயர்ந்தபோது அவரும் கூடவே போய், அடுத்த இருபதாண்டுகளுக்கு மேல் அதுவே அவர் தொழிற்களமாக இருந்தது.

வயலின் பயிற்சியைச் சும்மா ஒரு சுவையான தகவலாகக் கடந்துபோக முடியாது. வாத்தியக் கலைஞருக்கு முதலில் பழகுவது காது. கூட வாசிப்பவர் எங்கே மூச்சு விடுகிறார், எங்கே இழுக்கிறார் என்று கேட்டுக்கொண்டேதான் தன் பகுதியை வாசிக்க முடியும். முல்லர்-ஷ்டால் நடித்த எந்தப் படத்தையும் எடுத்து, அவர் பேசாமல் இருக்கும் ஷாட்களை மட்டும் கவனித்துப் பாருங்கள். எதிரில் இருப்பவர் வசனம் முடியும்வரை காத்திருக்கும் நடிகர் பலர் உண்டு. இவர் முகத்தில் அந்தக் காத்திருப்பு தெரியாது. வாக்கியத்தின் நடுவிலேயே, எந்தச் சொல் தன்னைத் தொட்டதோ அந்தச் சொல்லில் கண் மாறும். மொழி மாறியபோதும் இந்தப் பழக்கம் அவரோடு வந்தது.

டெஃபா காலம்

1956இல், கிழக்கு ஜெர்மனியின் அரசுத் திரைப்பட நிறுவனமான டெஃபாவில், திரையில் முதல் அடி. அவரை நடிகராக வார்த்தெடுத்தவர் இயக்குநர் ஃபிராங்க் பயர். ஸ்பானிய உள்நாட்டுப் போரில் தண்ணீர் இல்லாத மலைகளுக்கு நடுவே தப்பியோடும் சர்வதேசப் படைவீரர்களைப் பற்றிய 'ஐந்து தோட்டா உறைகள்' (1960) படத்தில் பிரெஞ்சுக்காரன் பியராக வந்தார். 1962இல் 'அரசக் குழந்தைகள்'. 1963இல் 'ஓநாய்கள் நடுவே நிர்வாணமாக' படத்தில், புகன்வால்ட் வதைமுகாமுக்குள் கடத்திவரப்பட்ட குழந்தையை ஒளித்து வைக்கும் கைதி ஹோஃபல். சித்திரவதைக்கு நடுவிலும் வாய் திறக்காத மனிதனின் வேடம் அது. வசனம் குறைவு, முகம்தான் வேலை செய்ய வேண்டும். அந்த வயதிலேயே அவருக்கு அது கைவந்திருந்தது.

சினிமாவைவிடத் தொலைக்காட்சிதான் அவரை வீட்டுப் பெயராக்கியது. 60களில் 'ஓநாய்களுக்கு நடுவே ஓநாய்', 'நாட்டின் ஊடே பாதைகள்' போன்ற பல பாகத் தொடர்களைக் குடும்பமே உட்கார்ந்து பார்த்தது. 1973இல் தொடங்கிய 'கண்ணுக்குத் தெரியாத முகக்கவசம்' எல்லாவற்றையும் மிஞ்சியது. மேற்கு நாடுகளில் ஊடுருவும் கிழக்கு ஜெர்மன் உளவாளியின் கதை அது, அங்கத்திய ஜேம்ஸ் பாண்ட் என்றே சொல்வார்கள். தயாரிப்புக்கு அரசு உளவு அமைச்சகத்தின் ஒத்துழைப்பும் இருந்தது. அந்த அமைச்சகம்தான் ஷ்டாசி. மொத்தம் 16 பகுதிகளில் முதல் ஒன்பதில் நாயகன் இவர்தான். பிறகு அவரே விலகிக்கொண்டார். இதனால் கிடைத்த புகழ் பெரிது. ஆனால் அரசின் உளவுத்துறைக்கு முகம் கொடுத்த நடிகர் அரசை எதிர்த்துக் கையெழுத்துப் போட்டால் அதன் கனமும் அதற்கேற்பக் கூடும் என்பது மூன்றாண்டுகளில் தெரிந்தது.

1975இல் மறுபடி பயரின் இயக்கத்தில் 'பொய்யன் யாகோப்'. கிழக்கு ஜெர்மனியின் சார்பில் ஆஸ்கர் பரிந்துரை பெற்ற ஒரே படம் அதுதான். அந்த ஆஸ்கர் விழா நடந்தது 1977 வசந்தத்தில். அதற்குள் இயக்குநர் பயர், கதாசிரியர் யூரெக் பெக்கர், நடிகர் முல்லர்-ஷ்டால் மூவருமே அரசின் கோபப் பட்டியலில் இருந்தார்கள்.

தடை எப்படி வேலை செய்தது

பாடகர் வோல்ஃப் பியர்மன் 1976 நவம்பர் 13 அன்று மேற்கு ஜெர்மனியின் கொலோன் நகரில் கச்சேரி செய்தார். மூன்று நாள் கழித்து, 16ஆம் தேதி, கிழக்கு ஜெர்மன் அரசு அவர் குடியுரிமையைப் பறித்தது. மறுநாளே 12 எழுத்தாளர்கள், முடிவை மறுபரிசீலனை செய்யக் கேட்டு ஒரு கடிதம் எழுதினார்கள். அடுத்த சில நாட்களில் நூற்றுக்கும் மேற்பட்ட கலைஞர்கள் அதில் சேர்ந்தார்கள். முல்லர்-ஷ்டால் அவர்களில் ஒருவர்.

கடிதத்தின் தொனி மென்மையானது. ஆட்சியைக் கவிழ்க்கும் பேச்சு எதுவும் அதில் கிடையாது. ஆனாலும் கட்சி நாளிதழில் எதிர் அறிக்கைகள் பக்கம் பக்கமாக வெளியாயின. கையெழுத்தைத் திரும்பப் பெறும்படி ஒவ்வொருவருக்கும் நெருக்கடி வந்தது. சிலர் திரும்பப் பெற்றார்கள். இவர் பெறவில்லை.

இங்கேதான் அந்த நாட்டின் திரைத்துறை அமைப்பைப் புரிந்துகொள்ள வேண்டும். சந்தை உள்ள நாட்டில் ஒரு தயாரிப்பாளர் ஒதுக்கினால் இன்னொருவர் கூப்பிடுவார். கிழக்கு ஜெர்மனியில் நடிகருக்குச் சோறு போடும் கதவுகள் மூன்றுதான். பாபெல்ஸ்பெர்க்கில் இருந்த டெஃபா ஸ்டூடியோ, ஆட்லர்ஸ்ஹோஃபில் இருந்த தொலைக்காட்சி நிலையம், அரசு மானியத்தில் ஓடிய நாடக அரங்குகள். மூன்றுக்கும் முதலாளி ஒருவரே. ஆகவே தடை உத்தரவு என்று ஒரு தாளை எழுதி ஒட்டவேண்டிய தேவையே இல்லை. பாத்திரத் தேர்வு நடக்கும்போது ஒரு பெயரைச் சொல்லாமல் விட்டால் போதும். வழக்குப் போடவும் வழியில்லை, ஏனென்றால் எதிர்த்து வழக்காட ஒரு முடிவே காகிதத்தில் இருக்காது.

கையில் இருந்த வேலைகள் மட்டும் முடிந்து வெளிவந்தன. 1977இல் வந்த 'தப்பியோட்டம்' டெஃபாவில் அவருடைய கடைசிப் படம். மேற்குக்கு ஓடிப்போகத் திட்டமிடும் மருத்துவராக அதில் நடித்தார். 1978இல் பயர் எடுத்த 'மூடிய வட்டம்' என்ற தொலைக்காட்சிப் படத்தை, பெரும்பாலோர் தூங்கப்போன நேரத்துக்குத் தள்ளி ஒளிபரப்பிவிட்டுப் பிறகு ஆவணக் கிடங்கில் பூட்டி வைத்தார்கள். விடுமுறைக்குப் போன ஒரு தம்பதி ஒருவரையொருவர் அறுத்துக்கொள்ளும் கதை. அதில் அரசியல் பேச்சு இருக்கிறதா என்று தேடினால் கிடைக்காது. ஒரு வீட்டுக்குள் எதுவும் பேச முடியாமல் போன நிலையைக் காட்டியதே போதுமானதாக இருந்தது.

வேலையில்லாத காலத்தில் ஒரு நாவல் எழுதினார். தலைப்பைத் தமிழில் 'உத்தரவிடப்பட்ட ஞாயிற்றுக்கிழமை' எனலாம். யாரோ ஆணையிட்டுத் தரும் ஓய்வு என்னவென்று அந்தத் தலைப்பே சொல்லிவிடுகிறது.

அதே கையெழுத்தைப் போட்ட மான்ஃப்ரெட் க்ரூக், அவரைப் போலவே உச்சியில் இருந்த நடிகர், 1977லேயே வெளியேறிவிட்டார். யூரெக் பெக்கரும் அதே ஆண்டு மேற்குக்குப் போனார். முல்லர்-ஷ்டால் 1980வரை பொறுத்திருந்துவிட்டு, மனைவியோடும் சிறு மகனோடும் வெளியேறினார். அந்த மூன்று ஆண்டுகள் அவருக்கு நஷ்டமா லாபமா என்று கேட்டால், தொழில் கணக்கில் நஷ்டம்தான். நடிகனின் 46 முதல் 49 வரையிலான வயது லேசான விஷயம் அல்ல.

மேற்கில் புதுமுகம்

எல்லையைத் தாண்டியபோது மொழி மாறவில்லை. அதே ஜெர்மன்தான். ஆனால் சந்தை முற்றிலும் வேறு. கிழக்கில் கால் நூற்றாண்டாகச் சேர்த்த நற்பெயரில் பெரும்பகுதி எல்லையிலேயே நின்றுவிட்டது. மேற்கு ஜெர்மன் பார்வையாளர்களில் மிகப் பலர் டெஃபா படங்களைப் பார்த்ததே இல்லை.

அந்த இடைவெளியை ஒரே தாவலில் கடக்க வைத்தவர் இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர். 1981இல் 'லோலா' படத்தில் முல்லர்-ஷ்டாலுக்கு ஃபோன் போம் என்ற பாத்திரம் கொடுத்தார். போருக்குப் பிந்தைய பொருளாதார எழுச்சிக் காலத்தில் ஒரு சிறுநகரத்துக்கு வரும் நேர்மையான கட்டட அதிகாரி, விபசார விடுதியின் பாடகி என்று தெரியாமலேயே ஒரு பெண்ணைக் காதலிக்கிறார். எதிரில் பார்பரா சுகோவா. ஊரையே விலைக்கு வாங்கிய ஒப்பந்தக்காரராக மாரியோ அடோர்ஃப். மற்ற எல்லோரும் கத்திப் பாடி ஆடும் படத்தில் இவர் மட்டும் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு அமைதியாக நிற்கிறார். வெளியிலிருந்து வந்தவன், ஊரின் எழுதாத விதிகள் தெரியாதவன். அந்த வேடத்துக்குக் கிழக்கிலிருந்து அப்போதுதான் வந்த நடிகரைவிடப் பொருத்தமானவர் மேற்கில் யாரும் இருந்திருக்க முடியாது. 1982இல் ஜெர்மன் திரைப்பட விருது கிடைத்தது. அதே ஆண்டு 'வெரோனிகா ஃபாஸின் ஏக்கம்' படத்தில் நாயகியின் முன்னாள் கணவராக வந்தார். படம் பெர்லினில் தங்கக் கரடி வென்றது. ஜூன் மாதம் ஃபாஸ்பிண்டர் 37 வயதில் இறந்துபோனார்.

நம் பார்வையில் இந்த ஆய்வின் முக்கியமான திருப்பம் அடுத்து வருவதுதான். பின்னே நிற்கப் பெரிய இயக்குநர் இல்லாமல் போன நிலையில், அவர் ஜெர்மன் தொலைக்காட்சித் தொடர்களுக்குள் அடங்கிவிட்டிருக்கலாம். க்ரூக் அந்த வழியில் போய் மிகப் பெரிய வெற்றியே பெற்றார். முல்லர்-ஷ்டால் ஜெர்மன் மொழிக்கு வெளியே இருந்த ஐரோப்பிய இயக்குநர்களிடம் போனார். வய்தாவின் 'ஜெர்மனியில் ஒரு காதல்' (1983), பத்ரிஸ் ஷெரோவின் பிரெஞ்சுப் படம், இஸ்த்வான் ஸாபோவின் 'கர்னல் ரெடல்' (1985). ஸாபோ படத்தில் இளவரசர் ஃபிரான்ஸ் ஃபெர்டினாண்ட். அக்னியெஷ்கா ஹாலந்தின் 'கசந்த அறுவடை' படத்தில் ஒரு யூதப் பெண்ணை ஒளித்து வைத்து, காப்பாற்றும் கையாலேயே அவளை அடக்கியும் வைக்கும் விவசாயி. இதற்கு மாண்ட்ரியால் விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. படமும் ஆஸ்கர் பரிந்துரைக்குப் போனது. 'ரெடல்', 'அறுவடை' இரண்டையும் அமெரிக்கத் திரைத்துறையினர் பார்த்திருந்தார்கள். கதவு அங்கேதான் திறந்தது.

58 வயதில் ஆங்கிலம்

அமெரிக்க வீடுகளுக்கு அவர் முதலில் வந்தது 1987இல், ஏபிசி தொலைக்காட்சியின் 'அமெரிக்கா' என்ற குறுந்தொடரில் சோவியத் ஜெனரலாக. வில்லன் ராணுவ அதிகாரி, கனத்த உச்சரிப்பு. ஐரோப்பிய நடிகர்களுக்கு ஹாலிவுட் காலங்காலமாக வைத்திருக்கும் நாற்காலி அது. அதில் உட்கார்ந்தவர்களில் பலர் கடைசிவரை எழுந்திருக்கவே இல்லை. இவர் எழுந்ததற்குக் காரணம் அடுத்து வந்த இரண்டு படங்கள்.

1989: காஸ்டா-காவ்ராஸின் 'ம்யூசிக் பாக்ஸ்'. சிகாகோவில் வாழும் ஹங்கேரிய அகதி மைக் லாஸ்லோ போர்க் குற்றவாளி என்று வழக்கு. வாதாடுவது வழக்கறிஞரான சொந்த மகள், ஜெசிகா லாங். இந்தப் பாத்திரத்தின் சிக்கல் நடிகருக்கு நன்றாகத் தெரியும். குற்றவாளியாக நடித்தால் பத்தாவது நிமிடத்தில் பார்வையாளருக்குப் புரிந்துவிடும். அப்பாவியாக நடித்தால் முடிவு ஏமாற்று வேலையாகத் தெரியும். முல்லர்-ஷ்டால் இரண்டையும் தொடவில்லை. பேரனை நேசிக்கும் தாத்தாவை மட்டும், முழு மனதோடு, நடித்தார். பேரனோடு சேர்ந்து தண்டால் எடுக்கும் காட்சி சாதாரண வீட்டுக் காட்சியாகத்தான் வரும். பிறகு நீதிமன்றத்தில் ஒரு சாட்சி, துப்பாக்கிமுனைக் கத்திக்கு மேல் தண்டால் எடுக்க வைத்த அதிகாரியைப் பற்றிச் சொல்லும்போது அதே காட்சி வயிற்றைப் பிசையும். அவர் முதலில் அதை அழுத்தமின்றிச் செய்ததால்தான் இரண்டாவது முறை அவ்வளவு அடிக்கிறது. 1990இல் பெர்லினில் தங்கக் கரடியைப் பகிர்ந்துகொண்ட படம் இது.

1990: பாரி லெவின்சனின் 'அவலான்'. 1914ஆம் ஆண்டு ஜூலை 4 அன்று பால்டிமோரில் வந்திறங்கிய சாம் கிரிச்சின்ஸ்கி, பேரப்பிள்ளைகளிடம் அந்த நாளின் வாணவேடிக்கையைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். குடும்பமே சுவருக்குக் காகிதம் ஒட்டும் தொழில். வீட்டுக்குள் தொலைக்காட்சிப் பெட்டி வந்ததும் தாத்தா சொல்லும் கதைக்குக் காது குறைகிறது. ஆஸ்கர் பரிந்துரை இந்த வேடத்துக்கு வந்திருக்க வேண்டும். வராமல் போனது இன்றுவரை எங்களுக்குப் புரியாத விஷயம்.

உச்சரிப்பை அவர் எப்படிக் கையாண்டார் என்பது தொழில் கற்பவர்களுக்குப் பயனுள்ள பாடம். அமெரிக்கராகத் தெரிய அவர் முயலவே இல்லை. வாழ்க்கையின் பாதியில் வேறு நாட்டுக்கு வந்து, மொழியைக் கையால் தடவித் தடவிப் பேசும் மனிதர்களையே ஏற்றார். சிகாகோவில் ஹங்கேரியர், பால்டிமோரில் கிழக்கு ஐரோப்பிய யூதர், நியூயார்க்கில் கிழக்கு ஜெர்மானியர், பெர்த் நகரில் போலந்து யூதர், லண்டனில் ரஷ்யர். சொல்லைத் தேடும் அந்த அரைநொடித் தயக்கம் மற்ற நடிகருக்குக் குறையாகத் தெரியும். இந்தப் பாத்திரங்களில் அதுவே அந்த மனிதரின் வரலாறு. இந்த வழியில் ஆபத்தும் உண்டு. எல்லாப் பாத்திரமும் ஒரே பொதுவான 'ஐரோப்பிய' உச்சரிப்பில் கரைந்துவிடலாம். அவருடைய சிறு வேடங்கள் சிலவற்றில் அது நடந்தும் இருக்கிறது.

இந்த இரண்டு படப்பிடிப்புகளின்போதும் அவர் எழுதி வந்த நாட்குறிப்புகள் 1991இல் நூலாக வந்தன.

டாக்ஸிக்குள் கோமாளி

ஜிம் ஜார்முஷின் 'நைட் ஆன் எர்த்' (1991) படத்தில் அவருக்குக் கிடைத்தது ஐந்து கதைகளில் ஒன்று மட்டும். எங்கள் கணக்கில் அவர் ஆங்கிலத்தில் செய்ததிலேயே ஆகச் சிறந்தது அதுதான்.

நியூயார்க்கில் குளிர்கால இரவு. புரூக்ளினுக்குப் போக எந்த டாக்ஸியும் நிற்காமல் தவிக்கும் யோயோவை (ஜியன்கார்லோ எஸ்பொசிடோ) ஏற்றிக்கொள்கிறார் ஹெல்முட். டிரெஸ்டனில் சர்க்கஸ் கோமாளியாக இருந்தவர். வண்டி ஆட்டோமேட்டிக் கியர். ஹெல்முட்டுக்கு அது பழக்கமில்லை. ஒரு கால் ஆக்சிலரேட்டரிலும் மறு கால் பிரேக்கிலுமாக மாறி மாறி மிதிக்க, வண்டி தவளைபோலத் தத்துகிறது. கடைசியில் பயணியே ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு ஓட்டுநரைப் பக்கத்து இருக்கைக்கு அனுப்பிவிடுகிறான்.

இதற்குப் பிறகு முல்லர்-ஷ்டால் செய்வதைக் கவனியுங்கள். ஓட்டும் வேலை பறிபோன மனிதர் அவமானப்பட வேண்டிய இடம். அவரோ ஜன்னல் பக்கம் திரும்பி, வேடிக்கை பார்க்க வந்த குழந்தையாக மாறிவிடுகிறார். உடம்பு இருக்கையில் நன்றாக உட்கார்ந்துகொள்கிறது, முகம் மட்டும் இடமும் வலமும் ஓடுகிறது. தன் பழைய தொழிலைக் காட்டச் சிவப்பு மூக்கை மாட்டிக்கொண்டு, இரண்டு குழல்களை ஒரே சமயத்தில் வாயில் வைத்து ஊதுகிறார். வண்டி ஓட்டும் யோயோவும் பின்னிருக்கையில் இருக்கும் அவன் மைத்துனியும் கெட்ட வார்த்தைகளில் சண்டை போடும்போது, அவளைப் பார்த்து இவர் சிரிக்கும் சிரிப்பில் பாதிச் சொற்கள் புரியாதவனின் சந்தோஷம் இருக்கிறது. அவர்கள் இறங்கிப் போனதும் தனியாக, வழி தெரியாத தெருக்களில், வண்டி மறுபடி தத்தித் தத்திப் போகிறது. அப்போதுதான் அந்த முகத்திலிருந்து சிரிப்பு மெல்ல வடிகிறது. வசனம் ஏறத்தாழ இல்லை. அகதி வாழ்க்கை பற்றி இதைவிடத் துல்லியமான சில நிமிடங்களைச் சினிமாவில் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

1992இல் 'உட்ஸ்' படத்துக்காகப் பெர்லினில் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. பிராகாவில் மைசன் பீங்கான் பொம்மைகள் சேர்க்கும் பிரபுவின் வேடம். வெளிநாடு போக அனுமதி இருந்தும், அந்தப் பொம்மைகளை விட்டுவர முடியாமல் திரும்பத் திரும்பக் கம்யூனிஸ்ட் நாட்டுக்கே வரும் மனிதர்.

உடைந்த வயலின்

ஸ்காட் ஹிக்ஸின் 'ஷைன்' (1996) பியானோ கலைஞர் டேவிட் ஹெல்ஃப்காட்டின் கதை. முல்லர்-ஷ்டால் அவரது தந்தை பீட்டர். போலந்தில் குடும்பத்தைப் பறிகொடுத்து ஆஸ்திரேலியா வந்தவர். மகன் இசையில் மேலே போகவேண்டும், ஆனால் வீட்டை விட்டுப் போகக்கூடாது. அமெரிக்காவிலிருந்து அழைப்பு வந்தால் தடுக்கிறார். லண்டன் போயே தீருவேன் என்று மகன் கிளம்பினால் அவன் பற்றிய பத்திரிகைத் துணுக்குகளை எரிக்கிறார்.

சிறுவயதில் காசு சேர்த்து வாங்கிய வயலினைத் தன் அப்பா உடைத்துப் போட்டதை மகனிடம் சொல்லும் இடம் படத்தின் அச்சாணி. வயலின் வாசித்தே வளர்ந்த நடிகர் அதைச் சொல்கிறார். குரல் உயராமல், கண் மட்டும் மகன்மேல் நிலைத்திருக்க, அந்தப் பையனுடைய அதிர்ஷ்டத்தை அவன் வாயாலேயே சொல்ல வைக்கிறார். அடிக்கிற காட்சியைவிட இந்தக் காட்சியில்தான் பார்ப்பவருக்கு அதிகம் பயம் வரும். அன்பும் அடக்குமுறையும் இரண்டு தனித்தனி உணர்ச்சிகளாக அவரிடம் வருவதில்லை. மகனைக் கட்டியணைக்கும் கைதான் அடுத்த கணம் இறுக்குகிறது.

சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை வந்தது. 1997 மார்ச் விழாவில் விருது கியூபா குடிங் ஜூனியருக்குப் போனது. ஜெஃப்ரி ரஷ் இதே படத்துக்குச் சிறந்த நடிகர் விருது பெற்றார். ஹெல்ஃப்காட் குடும்பத்துக்குள் இந்தத் தந்தைச் சித்திரத்துக்குக் கடும் எதிர்ப்பும் கிளம்பியது. டேவிட்டின் சகோதரி ஒருவர் அப்பா அப்படிப்பட்டவர் இல்லை என்று புத்தகமே எழுதினார். நடிப்பு அவ்வளவு நம்பும்படி இருந்ததால், படம் ஒரு உண்மை மனிதரைப் பற்றிய பொதுத் தீர்ப்பாகவே மாறிவிட்டது. வாழ்க்கை வரலாற்றுப் படங்களில் இந்தப் பொறுப்பு யாருடையது என்ற கேள்வி நியாயமானது. நடிகரைவிடத் திரைக்கதைக்குத்தான் அதில் பங்கு அதிகம் என்பது எங்கள் கருத்து.

தோமஸ் மன்னாக

ஜெர்மனியின் வீட்டுக்கூடங்களுக்கு அவர் முழுமையாகத் திரும்பியது 2001 டிசம்பரில். ஹைன்ரிஷ் பிரெலோவரின் மூன்று பாகத் தொலைக்காட்சிப் படைப்பில் எழுத்தாளர் தோமஸ் மன்னாக நடித்தார். பிரெலோவரின் முறை தனித்துவமானது. நடித்துக் காட்டும் காட்சிகளுக்கு இடையே உண்மை மனிதர்களின் பேட்டி வரும். மன்னின் கடைசி மகள் எலிசபெத், அப்பா வாழ்ந்த இடங்களுக்கே போய்க் கேமரா முன் பேசுகிறார். அடுத்த ஷாட்டில் அந்த அப்பாவாக முல்லர்-ஷ்டால் வரவேண்டும். உண்மை மகளுக்குப் பக்கத்திலேயே வெட்டி ஒட்டப்படும்போது, ஒப்பனைப் பொய் கொஞ்சம் இருந்தாலும் நொறுங்கிவிடும். அவர் மன்னைப் போலிசெய்யப் போகவில்லை. உணவு மேசையில் பிள்ளைகள் எதிரில் இருந்தும் இல்லாததுபோல் உட்காரும் அந்தத் தொலைவை மட்டும் எடுத்துக்கொண்டார். படைப்புக்கு சர்வதேச எம்மி விருதும், ஜெர்மனியின் கிரிம்மே விருதும் கிடைத்தன.

நாஜிகளிடமிருந்து தப்பிய தோமஸ் மன் நாற்பதுகளில் குடியிருந்தது லாஸ் ஏஞ்சலஸின் பசிஃபிக் பாலிசேட்ஸ் பகுதியில். முல்லர்-ஷ்டாலின் அமெரிக்க வீடும் அதே பகுதியில்தான் இருந்தது. 2008இல் மன்னின் 'புடன்ப்ரோக்ஸ்' நாவலை பிரெலோவர் படமாக்கியபோது குடும்பத் தலைவர் வேடத்தையும் இவரே ஏற்றார்.

பிசகியவை

1996இல் அவரே எழுதி இயக்கி நடித்த படம் ஒன்று உண்டு. 103 வயதில் உயிரோடு இருக்கும் ஹிட்லரை ஒருவர் பேட்டி எடுப்பதாகக் கதை. எண்ணம் துணிச்சலானது, விளைவு அந்த அளவுக்கு வரவில்லை. அவரது பலம் எதிராளியைக் கேட்பது. இடைவிடாமல் பேசும் பாத்திரத்தைத் தானே எழுதித் தானே இயக்கியபோது, அந்தப் பலத்துக்கே இடமில்லாமல் போய்விட்டது.

இன்னொரு சிக்கல் வேட வார்ப்பு. 90களின் பிற்பாதியில் அமெரிக்காவில் 'இருண்ட ரகசியம் உள்ள முதிய ஐரோப்பியர்' என்ற ஒரே அச்சில் வாய்ப்புகள் வரத் தொடங்கின. 1998இல் வந்த 'எக்ஸ்-ஃபைல்ஸ்' படம் அதற்கு எடுத்துக்காட்டு. அவர் வந்தால் காட்சிக்கு ஒரு கனம் வரும், அவ்வளவே. நடிகராகச் செய்ய அவருக்கு அங்கே வேலை இல்லை.

அதே அச்சை வைத்து அதை உடைத்தவர் டேவிட் குரோனன்பர்க். 'ஈஸ்டர்ன் பிராமிசஸ்' (2007) படத்தில் லண்டன் ரஷ்ய உணவகம் ஒன்றின் முதலாளி செம்யோன். போர்ஷ் சூப்பை ருசி பார்க்கக் கொடுக்கும் வாஞ்சையான தாத்தா, உண்மையில் குற்றக் கும்பலின் தலைவர். சிறுமிகளுக்கு வயலின் எப்படி வாசிப்பது என்று கையில் வாங்கிக் காட்டும் ஒரு சிறு காட்சி உண்டு. அந்த விரல்களுக்குப் பொய் சொல்லத் தேவை இல்லை. வில்லன் என்று எங்குமே நடிக்காததால்தான் செம்யோன் அவ்வளவு அச்சம் தருகிறார். கனடாவின் ஜீனி விருது இந்த வேடத்துக்குக் கிடைத்தது. அப்போது வயது 77.

எதிலிருந்து பார்ப்பது

முதலில் 'நைட் ஆன் எர்த்' படத்தின் நியூயார்க் பகுதி, அடுத்து 'ஷைன்', பிறகு 'லோலா'. அதற்குப் பின் 'ஓநாய்கள் நடுவே நிர்வாணமாக' பார்த்தால், முப்பது வயதுகளில் இருந்த அதே முகத்தை அடையாளம் காண முடியும். ஆங்கிலப் படங்களை மூல ஒலியில்தான் பார்க்கவேண்டும். டப்பிங்கில் அந்த உச்சரிப்பு போய்விட்டால் பாத்திரத்தில் பாதி போய்விடும்.

கடைசியாக 'தி இன்டர்நேஷனல்' (2009) படத்தில் ஒரே ஒரு காட்சியைப் பாருங்கள். டாம் டிக்வரின் இந்தப் படம்தான் அந்த ஆண்டு பெர்லின் விழாவைத் தொடங்கி வைத்தது. முல்லர்-ஷ்டால் அதில் வெக்ஸ்லர், பெரும் வங்கி ஒன்றுக்கு ஆலோசகராகிவிட்ட முன்னாள் ஷ்டாசி அதிகாரி. 1973இல் அதே உளவுத்துறையின் நாயகனாகத் தொலைக்காட்சியில் வந்து, 1980இல் அந்த நாட்டை விட்டே வெளியேற நேர்ந்தவர், 78 வயதில் அதன் பழைய ஊழியனாக ஒரு மேசைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறார். எதிரில் கிளைவ் ஓவன் கேள்வி கேட்கிறார். கேள்விகளுக்கு நடுவே வெக்ஸ்லர் எதுவும் சொல்லாமல் இருக்கும் நொடிகளில் கண்ணை எடுக்காதீர்கள்.